அக்கா வீடு எந்தக் கோர்ட்டு எல்லை?

கோர்ட்டு வாசல் டீக்கடைகளில் அடிக்கடி காதில் விழும் கேள்வி ஒன்று உண்டு. "குத்து நடந்தது சாத்தூர்ல. நான் குடியிருக்கிறது கோயம்புத்தூர் பீளமேட்டுல. என்னை எதுக்குங்க சாத்தூர் கோர்ட்டுக்கு வரச் சொல்றாங்க?" கேட்பவர் பெரும்பாலும் ஒரு அக்காவாகவோ அம்மாவாகவோ சித்தப்பாவாகவோ இருப்பார். கையில் மடித்து மடித்து நைந்துபோன எப்.ஐ.ஆர். நகல் இருக்கும். சுற்றி நிற்பவர்கள் ஆளுக்கொரு பதில் சொல்வார்கள். ஒருவர், "அப்படி இழுக்க முடியாது, உங்க ஊர் கோர்ட்டுலதான் பார்க்கணும்" என்பார். இன்னொருவர், "அங்க கூப்பிட்டுட்டாங்கன்னா கொலையிலயே சேர்த்துட்டாங்கன்னு அர்த்தம்" என்று பயமுறுத்துவார். இரண்டும் சரியில்லை. டீ ஆறுவதற்குள் நாம் இதை நிதானமாக அவிழ்த்துப் பார்த்துவிடலாம்.

ஒரு குடும்பத்தைக் கற்பனையாக வைத்துக்கொள்வோம். சாத்தூரில் ஒரு தகராறு, ஒரு உயிர் போய்விட்டது. தம்பி ராத்திரியோடு ராத்திரியாக பஸ் ஏறி, விடியற்காலையில் பீளமேட்டில் அக்கா வீட்டுக் கதவைத் தட்டுகிறான். நடந்ததைச் சொல்லி அழுகிறான். அக்கா அவனுக்குச் சோறு போடுகிறார், மாடி அறையில் படுக்க வைக்கிறார், அக்கம்பக்கத்தில் கேட்டவர்களிடம் யாரும் வரவில்லை என்று சொல்லிவிடுகிறார். பத்து நாள் கழித்து அக்கா வீட்டுக்காரர் அவனை பைக்கில் ஏற்றிக்கொண்டுபோய்ப் பாலக்காட்டில் ஒரு நண்பர் வீட்டில் விட்டுவிட்டு வருகிறார். போலீஸ் பாலக்காட்டில் தம்பியைப் பிடிக்கிறது. பிறகு அக்கா வீட்டுக்கும் ஜீப் வருகிறது.

முதல் முடிச்சு இங்கேதான். எந்தக் கோர்ட்டு என்ற கேள்விக்கு நம் மனசு உடனே தேடுவது குடியிருக்கும் ஊரை. ரேஷன் கார்டு எங்கே, ஓட்டு எங்கே என்பதைப்போல. சிவில் வழக்கில் இது ஓரளவு சரி. பணம் தரவேண்டியவர் எங்கே குடியிருக்கிறாரோ அந்த ஊர் கோர்ட்டில் அவர்மேல் வழக்குப் போடலாம். கிரிமினல் வழக்கு ஆளின் விலாசத்தைப் பார்ப்பதில்லை. செயல் எங்கே நடந்தது என்றுதான் பார்க்கிறது. 2024 ஜூலை 1 முதல் நடப்பில் உள்ள பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 197-ஆம் பிரிவு அதைத்தான் சொல்கிறது: ஒரு குற்றம் எந்தக் கோர்ட்டின் எல்லைக்குள் நடந்ததோ, சாதாரணமாக அந்தக் கோர்ட்டுதான் அதை விசாரிக்கும். பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் இது 177-ஆம் பிரிவு. அந்தச் 'சாதாரணமாக' என்ற சொல்லை மனதில் வைத்துக்கொள்வோம், திரும்பவும் அதனிடம் வரவேண்டியிருக்கும்.

அக்கா செய்த செயல் என்ன, அது எங்கே நடந்தது என்று கேட்கலாம். சட்டத்தில் இதற்கு 'அடைக்கலம் கொடுத்தல்' என்று பெயர். பாரதிய நியாய சன்ஹிதாவில் 249-ஆம் பிரிவு. பழைய இந்திய தண்டனைச் சட்டத்தில் 212. அடைக்கலம் என்றால் கதவைத் திறந்து உள்ளே விடுவது மட்டும்தான் என்று நாம் நினைப்போம். சட்டம் தரும் பட்டியல் நீளமானது. தங்க இடம், சோறு, குடிக்கத் தண்ணீர், பணம், துணிமணி, ஆயுதம், வண்டி வாகனம், அதோடு பிடிபடாமல் தப்பிக்க உதவும் வேறு எந்த உதவியும் இதில் அடங்கும். அக்கா போட்ட சோறும் பட்டியலில் இருக்கிறது, அவர் வீட்டுக்காரர் ஓட்டிய பைக்கும் இருக்கிறது.

ஆனால் சோறு போட்டதாலேயே குற்றம் ஆகிவிடாது. இரண்டு விஷயம் கூடவே இருக்கவேண்டும். வந்தவன் குற்றம் செய்தவன் என்று தெரிந்திருக்க வேண்டும், அல்லது அப்படி நம்புவதற்குக் கண்ணெதிரே காரணம் இருந்திருக்க வேண்டும். அடுத்து, அவனைத் தண்டனையிலிருந்து காப்பாற்றும் எண்ணம் இருக்கவேண்டும். தம்பி ஒன்றும் சொல்லாமல் வழக்கம்போல வந்து தங்கிப்போயிருந்தால் அக்கா மேல் இந்தப் பிரிவு நிற்காது. நம் கதையில் அவன் அழுதுகொண்டே சொல்லிவிட்டான். அக்கா யாரும் வரவில்லை என்று மறைத்துவிட்டார். அதனால் பிரிவு நிற்க இடம் இருக்கிறது.

இங்கே ஒரு நிமிடம் நின்று ஒன்றைச் சொல்லவேண்டும், ஏனென்றால் இது பலரை உடைத்துப்போடுகிற விஷயம். இந்தச் சட்டத்தில் ஒரே ஒரு உறவுக்குத்தான் விலக்கு. குற்றம் செய்தவரின் கணவன் அல்லது மனைவி அடைக்கலம் கொடுத்தால் அது குற்றமில்லை. பெற்ற தாய்க்கு விலக்கு இல்லை, தகப்பனுக்கு இல்லை, உடன்பிறந்தவளுக்கு இல்லை. நடுராத்திரியில் வந்து நிற்கும் பிள்ளைக்குக் கதவைத் திறக்காத தாய் நம் ஊரில் யார்? 1860-இல் எழுதிய தண்டனைச் சட்டத்தின் இந்தக் கோட்டைப் புதிய சட்டமும் அப்படியே வைத்துக்கொண்டுவிட்டது. திருத்தி எழுதக் கையில் பேனா இருந்தபோது பெற்றோரையாவது சேர்த்திருக்கலாம் என்பது என் எண்ணம். அது வரும்வரை சட்டம் இதுதான் என்று தெரிந்துவைத்துக்கொள்வது நல்லது.

சரி, செயல் நடந்த இடத்துக்கு வருவோம். சோறு போட்டதும் மாடி அறையில் மறைத்ததும் பீளமேட்டில். ஆகவே 197-ஆம் பிரிவின்படி கோயம்புத்தூர் மாஜிஸ்திரேட்டுக்கு இதை விசாரிக்கும் அதிகாரம் உண்டு. அக்கா கேட்ட கேள்வியில் பாதி நியாயம் இருக்கிறது என்பது இதனால்தான். அடைக்கலம் என்பது தனிக் குற்றம், அது நடந்த ஊரும் தனி. சாத்தூரில் கத்தி விழுந்தபோது அக்கா தன் வீட்டில் தூங்கிக்கொண்டிருந்தார்.

அப்படியானால் சாத்தூர் எப்படி உள்ளே வந்தது? 'சாதாரணமாக' என்ற அந்தச் சொல்லின் வழியாகத்தான். அதற்குப் பின்னால் வரும் பிரிவுகள் வேறு சில ஊர்களுக்கும் கதவைத் திறந்துவிடுகின்றன. நமக்கு வேண்டியது 200-ஆம் பிரிவு. பழைய சட்டத்தில் 180. அது சொல்வது இது: ஒரு செயல் தன்னளவில் குற்றமாக இல்லாமல், இன்னொரு குற்றத்தோடு உள்ள தொடர்பினாலேயே குற்றம் ஆகிறது என்றால், அந்த இரண்டு செயல்களில் எது நடந்த ஊர் கோர்ட்டும் அதை விசாரிக்கலாம். சோறு போடுவது குற்றமா? தம்பி வீட்டில் தங்குவது குற்றமா? கிடையாது. சாத்தூரில் நடந்த அந்த இன்னொன்றினால்தான் இந்தச் சோற்றுக்குக் குற்றத்தின் நிறம் வந்தது. அதனால் சாத்தூருக்கும் உரிமை உண்டு.

பூசணிக்கொடியை நினைத்துக்கொள்ளுங்கள். வேர் ஒரு வீட்டுக் கொல்லையில், வேலி தாண்டிக் காய் தொங்குவது அடுத்த வீட்டில். காயைப் பற்றி விசாரிக்கவேண்டுமென்றால் காய் தொங்கும் வீட்டிலும் விசாரிக்கலாம், வேர் இருக்கும் வீட்டிலும் விசாரிக்கலாம். திருட்டு நகையை வாங்கி வைத்துக்கொள்வதும் இப்படித்தான். நகை வாங்குவது குற்றமில்லை, அது திருட்டு நகை என்பதால் குற்றம். 1898-ஆம் ஆண்டின் பழைய நடைமுறைச் சட்டம் இந்த விதியை உதாரணங்களோடு விளக்கியிருந்தது. கடத்தப்பட்டவர் என்று தெரிந்தே ஒருவரை மறைத்து வைத்தால், மறைத்த ஊரிலும் விசாரிக்கலாம், கடத்திய ஊரிலும் விசாரிக்கலாம் என்பது அவற்றுள் ஒன்று. நம் அக்கா விஷயத்துக்கு மிகவும் கிட்ட வருவது அதுதான்.

சட்டம் ஏன் இப்படி இரண்டு கதவு வைத்தது? அக்கா மேல் உள்ள வழக்கைக் கோயம்புத்தூரில் நடத்துவதாக வைத்துக்கொள்வோம். அடைக்கலம் கொடுத்தார் என்று நிரூபித்தால் போதாது. சாத்தூரில் ஒரு குற்றம் நடந்தது என்பதையும், அதைச் செய்தவன் இந்தத் தம்பிதான் என்பதையும் கோயம்புத்தூர் கோர்ட்டிலேயே நிரூபிக்கவேண்டும். சம்பவத்தைப் பார்த்த சாட்சிகள், போஸ்ட்மார்ட்டம் செய்த டாக்டர், விசாரணை அதிகாரி எல்லோரும் ஒருமுறை சாத்தூர் பக்கத்துக் கோர்ட்டில் சாட்சி சொல்லிவிட்டு, அதே கதையைச் சொல்ல இன்னொருமுறை பஸ் ஏறவேண்டும். தீப்பெட்டி ஆபீசில் தினக்கூலிக்குப் போகிற ஒரு சாட்சிக்கு அது எத்தனை நாள் கூலி என்று கணக்குப் போட்டுப் பாருங்கள். அதனால் போலீஸ் வழக்கமாக வேர் இருக்கும் ஊரையே தேர்ந்தெடுக்கிறது. சட்டம் அதற்கு இடம் கொடுக்கிறது, கட்டாயப்படுத்தவில்லை.

பைக்கில் கூட்டிப்போன அக்கா வீட்டுக்காரரின் நிலை இன்னும் கொஞ்சம் விரிகிறது. அவர் செயல் கோயம்புத்தூரில் தொடங்கி, வாளையாறு தாண்டி, கேரளத்தில் முடிகிறது. ஒரு குற்றம் கொஞ்சம் இந்த எல்லையிலும் கொஞ்சம் அந்த எல்லையிலும் நடந்தாலோ, விடாமல் தொடர்ந்துகொண்டே இருந்தாலோ, அந்த எல்லைகளில் எந்தக் கோர்ட்டும் விசாரிக்கலாம் என்பது 198-ஆம் பிரிவு. எனவே கோயம்புத்தூருக்கும் பாலக்காட்டுக்கும் அதிகாரம் உண்டு, 200-ஆம் பிரிவின் வழியாகச் சாத்தூருக்கும் உண்டு. ஒரே குற்றத்தை இரண்டு கோர்ட்டுகள் விசாரணைக்கு எடுத்துக்கொண்டுவிட்டால் உயர் நீதிமன்றம் தீர்த்துவைக்கும். இரண்டும் வெவ்வேறு மாநிலத்துக் கோர்ட்டுகளாக இருந்தால், எங்கே வழக்கு முதலில் தொடங்கியதோ அந்தப் பக்கத்து உயர் நீதிமன்றத்தின் சொல்தான் செல்லும்.

இப்போது அந்த இரண்டாவது டீக்கடை பதிலுக்கு வருவோம். "அங்க கூப்பிட்டுட்டாங்கன்னா கொலையிலயே சேர்த்துட்டாங்கன்னு அர்த்தம்." கிட்டத்தட்ட எல்லோருக்கும் உள்ள தப்பான எண்ணம் இது, அதிகமான தூக்கத்தைக் கெடுப்பதும் இதுதான். கொலைக் குற்றவாளியோடு ஒரே குற்றப்பத்திரிகையில் ஏ1, ஏ2 என்று வரிசையாகப் பெயர் வந்து, ஒரே கூண்டில் ஏறி நின்றுவிட்டால், பழியும் ஒன்றாகிவிட்டது என்று குடும்பம் நினைக்கிறது. ஊரும் அப்படித்தான் நினைக்கிறது. 200-ஆம் பிரிவு சொல்வது எந்தக் கோர்ட்டு விசாரிக்கலாம் என்பதை மட்டும். எவ்வளவு குற்றம் என்பதைப் பற்றி அது வாயே திறக்கவில்லை. வேர் இருக்கும் வீட்டில் விசாரித்தாலும் காய் காய்தான்.

இதை நம் நாட்டில் மிகப்பெரிய அளவில் சோதித்துப் பார்த்த வழக்கு ஒன்று தமிழ் மண்ணிலேயே நடந்தது. 1991 மே 21 அன்று ஸ்ரீபெரும்புதூரில் ராஜீவ் காந்தி கொல்லப்பட்டார். முக்கியமாகத் தேடப்பட்டவர்கள் பல வீடுகளில் மாறி மாறித் தங்கினார்கள். ஒரு டேங்கர் லாரிக்குள் ஒளிந்து பெங்களூருக்குப் போனார்கள். ஆகஸ்டில் பெங்களூரை ஒட்டிய கோணனகுண்டேயில் ஒரு வாடகை வீட்டைப் போலீஸ் சூழ்ந்துகொண்டபோது உள்ளே இருந்தவர்கள் உயிரை விட்டார்கள். பிறகு வழக்கில் நின்றவர்கள் 26 பேர். குண்டு வெடிப்பதற்கு முன்பே திட்டத்தில் இருந்ததாகச் சொல்லப்பட்டவர்களும், வெடித்த பிறகு வீடும் வண்டியும் கொடுத்ததாகச் சொல்லப்பட்டவர்களும் ஒரே வழக்கில் நிறுத்தப்பட்டார்கள். வீடு தமிழ்நாட்டில் இருந்தாலும் கர்நாடகத்தில் இருந்தாலும் விசாரணை பூந்தமல்லியில் இருந்த தடா தனி நீதிமன்றத்தில்தான் நடந்தது. தடா தனிச் சட்டம், அதன் கோர்ட்டு ஏற்பாடும் தனி. ஆனால் நாம் பேசும் விஷயத்துக்கு அதில் ஒரு பெரிய பாடம் இருக்கிறது.

1998 ஜனவரி 28 அன்று அந்த நீதிமன்றம் 26 பேருக்கும் தூக்குத் தண்டனை விதித்தது. ஒருவர்கூட மிச்சமில்லை. வழக்கு உச்ச நீதிமன்றத்துக்குப் போனது. நீதிபதிகள் கே.டி. தாமஸ், டி.பி. வாத்வா, சையத் ஷா முகமது காத்ரி மூவரும் 1999 மே 11 அன்று தீர்ப்புச் சொன்னார்கள். கொலைச் சதியில் குற்றவாளிகள் என்று நிலைத்தவர்கள் ஏழு பேர். மற்ற 19 பேர் கொலைப் பழியிலிருந்து விடுவிக்கப்பட்டார்கள். அவர்களில் சிலருக்கு அடைக்கலம் கொடுத்தது போன்ற சிறிய குற்றங்கள் மட்டும் நின்றன.

அந்தத் தீர்ப்பு சொன்ன காரணம் எளிமையானது. சதி என்பது ஒரு காரியத்தைச் செய்ய முன்கூட்டியே கூடிப்பேசி ஒப்புக்கொள்வது. நினைத்த காரியம் முடிந்ததும் அந்தச் சதி முடிந்துவிடுகிறது. அதற்குப் பிறகு ஒருவர் தப்பி ஓடுகிறவனுக்கு வீடு கொடுத்தால் அது சட்டவிரோதமாக இருக்கலாம், அதற்குத் தண்டனையும் இருக்கலாம். ஆனால் முடிந்துபோன சதிக்குள் அவர் பின்னோக்கிப் போய் உட்கார்ந்துவிட முடியாது. பின்னால் செய்த உதவி, முன்பே பேசி வைத்ததற்கு அடையாளமாக இருக்கிறதா என்று கோர்ட்டு பார்க்கலாம். அப்படி ஒன்றும் இல்லையென்றால் அது வெறும் அடைக்கலம்தான். பதினைந்து மாதம் தூக்குத் தண்டனையோடு சிறையில் படுத்து எழுந்தவர்களுக்கு இந்த வித்தியாசம்தான் உயிரைத் திருப்பிக் கொடுத்தது. ஒரே கோர்ட்டு, ஒரே கூண்டு, ஒரே எண் வரிசை என்பதால் பழி ஒன்றாகாது என்று நான் அழுத்திச் சொல்வது இதனால்தான்.

தண்டனை அளவையும் பார்த்துவிடுவோம். மறைக்கப்பட்டவன் செய்தது தூக்குத் தண்டனை வரை போகக்கூடிய குற்றம் என்றால், மறைத்தவருக்கு அதிகபட்சம் 5 ஆண்டு சிறை, அபராதமும் உண்டு. ஆயுள் தண்டனையோ 10 ஆண்டு வரை சிறையோ உள்ள குற்றம் என்றால் 3 ஆண்டு வரை. அதற்கும் கீழே என்றால் மூலக்குற்றத்தின் அதிகபட்சத்தில் கால்பங்கு. கைது செய்யச் சொல்லி உத்தரவு போயிருக்கிறது என்று தெரிந்தும் மறைத்தால் அது 253-ஆம் பிரிவுக்குப் போய்விடும். அங்கே மேல்வரம்பு 7 ஆண்டு வரை ஏறும். 249-ஓ 253-ஓ, இரண்டுமே ஜாமீனில் விடத்தக்க குற்றங்கள். அதாவது ஜாமீன் என்பது யாரோ மனமிரங்கித் தருவதல்ல, கேட்டு வாங்கும் உரிமை. உரிய ஜாமீன்தாரர் வந்தால் ஸ்டேஷனிலேயே விடவேண்டும். கொலை வழக்கில் பெயர் வந்துவிட்டதே, இனி உள்ளேதான் என்று ஒடிந்துபோகும் குடும்பங்களுக்கு முதலில் சொல்லவேண்டியது இதுதான்.

'எந்த ஊர்' என்பது ஒரு கேள்வி. 'எந்தப் படி' என்பது வேறொரு கேள்வி. இரண்டையும் குழப்பிக்கொள்வதால்தான் பாதிப் பயம் வருகிறது. அடைக்கலக் குற்றம் முதல் வகுப்பு மாஜிஸ்திரேட் விசாரிக்கவேண்டியது. கொலை செஷன்ஸ் கோர்ட்டு விசாரிக்கவேண்டியது. தனி வழக்காக நடந்தால் அக்கா ஜே.எம். கோர்ட்டோடு முடித்துக்கொள்ளலாம். அந்த மாஜிஸ்திரேட் 3 ஆண்டுக்குமேல் தண்டனை கொடுக்க முடியாது; அதற்குமேல் வேண்டுமென்று நினைத்தால் தலைமைக் குற்றவியல் நீதித்துறை நடுவருக்கு அனுப்பவேண்டும். தம்பியோடு ஒரே குற்றப்பத்திரிகை என்றால், சாத்தூர் மாஜிஸ்திரேட் மொத்த வழக்கையும் செஷன்ஸுக்குக் கமிட் செய்துவிடுவார். பெரிய வாணலி அடுப்பில் ஏறும்போது சின்னக் கரண்டியும் கூடவே ஏறுகிற மாதிரி. செஷன்ஸ் கோர்ட்டு சின்னக் குற்றத்தையும் விசாரிக்கலாம், ஆனால் சின்னக் குற்றத்தைப் பெரிதாக்க அதனால் முடியாது.

ஒரே குற்றப்பத்திரிகையில் சேர்ப்பதற்கும் ஒரு வரம்பு உண்டு. யார் யாரைச் சேர்த்து விசாரிக்கலாம் என்று 246-ஆம் பிரிவு ஒரு பட்டியல் தருகிறது. திருடனையும் திருட்டுப் பொருளை ஒளித்தவனையும் சேர்க்கலாம் என்று அதில் தெளிவாக இருக்கிறது. குற்றவாளியையும் அவனை ஒளித்தவரையும் சேர்க்கலாம் என்று அப்படி ஒரு வரி இல்லை. ஒரே தொடர் நிகழ்ச்சியின் பகுதியாக நடந்த வெவ்வேறு குற்றங்கள் என்ற பொதுவான வரிக்குள்தான் அடைக்கலத்தைக் கொண்டுவந்து நிறுத்தவேண்டும். முதல் நாளே "காரியம் முடிஞ்சதும் நேரா இங்க வந்துடு" என்று பேசி வைத்திருந்தால் அது ஒரே சங்கிலி. அதற்குமேல் சதியே ஆகிவிடும், அக்கா மேல் வேறு பிரிவுகள் பாயும். சொல்லாமல் கொள்ளாமல் வந்து கதவைத் தட்டினான் என்றால், கொலையும் அடைக்கலமும் ஒரே சங்கிலியா என்று அக்காவின் வக்கீல் கேட்கலாம், கேட்கவேண்டும். சாத்தூருக்கு அதிகாரம் உண்டு என்பதும் தம்பியோடு சேர்த்துத்தான் விசாரிக்கவேண்டும் என்பதும் ஒன்றல்ல. சாத்தூரிலேயே தனி வழக்காகவும் நடத்தலாம்.

ரிமாண்டைப் பற்றியும் ஒரு வார்த்தை. தமிழ்நாட்டுப் போலீஸ் தம்பியைப் பாலக்காட்டில் பிடித்து அங்குள்ள மாஜிஸ்திரேட் முன் நிறுத்தினால், கேஸ் கேரளத்துக்குப் போய்விட்டது என்று அர்த்தமில்லை. பிடித்த 24 மணி நேரத்துக்குள், பயண நேரம் நீங்கலாக, ஏதாவது ஒரு மாஜிஸ்திரேட் முன் நிறுத்தவேண்டும். அவருக்கு அந்த வழக்கை விசாரிக்கும் அதிகாரம் இருக்கவேண்டும் என்பதில்லை என்று சட்டமே சொல்கிறது. ராத்திரி எங்கே தங்கினோம் என்பது போய்ச்சேரும் ஊரைத் தீர்மானிக்காது அல்லவா, அப்படித்தான்.

சில தனிச் சட்டங்களில் கணக்கு மாறிவிடும். போதைப்பொருள் தடுப்புச் சட்டத்தின் 27ஏ பிரிவில் கடத்தல்காரருக்கு அடைக்கலம் கொடுத்தால் 10 முதல் 20 ஆண்டு. சட்டவிரோதச் செயல்கள் தடுப்புச் சட்டத்தின் 19-ஆம் பிரிவில் பயங்கரவாதிக்கு அடைக்கலம் கொடுத்தால் 3 ஆண்டில் தொடங்கி ஆயுள் வரை. அங்கே மாஜிஸ்திரேட் கிடையாது, தனி நீதிமன்றம்தான். நாம் மேலே பார்த்த சுலபமான ஜாமீனும் அங்கே கிடைக்காது.

கடல் தாண்டிய குற்றம் என்றால்? கொழும்பில் கொலை செய்துவிட்டுப் படகேறி வந்தவனை ராமேஸ்வரத்தில் ஒருவர் தெரிந்தே ஒளித்து வைக்கிறார் என்று வைத்துக்கொள்வோம். கொலை, கொள்ளை, தீவைப்பு போன்ற பெரிய குற்றங்கள் வெளிநாட்டில் நடந்திருந்தாலும் அடைக்கலப் பிரிவு பொருந்தும். இங்கே வேர் நம் நாட்டுக் கோர்ட்டு எதன் எல்லையிலும் இல்லை. காய் தொங்கும் ராமேஸ்வரத்துப் பக்கம் மட்டும்தான் விசாரிக்க முடியும்.

கடைசியாக, தப்பான ஊரில் விசாரணை நடந்தே விட்டது என்று வைத்துக்கொண்டால்? ஊர் தவறு என்ற ஒரே காரணத்துக்காகத் தீர்ப்பு விழுந்துவிடாது. அந்தத் தவறால் உண்மையிலேயே நியாயம் கெட்டுப்போனது என்று காட்டவேண்டும். ஆகவே எல்லையைப் பற்றிய ஆட்சேபணையைத் தொடக்கத்திலேயே எழுப்பவேண்டும். தீர்ப்பு வந்தபிறகு எழுப்பினால் பலன் குறைவு. அதைவிட அக்காவுக்கு உடனடியாக உதவுவது வேறு. ஒவ்வொரு வாய்தாவுக்கும் பீளமேட்டிலிருந்து வர முடியாதென்றால், அன்றைக்கு நேரில் வராமலிருக்க வக்கீல் மூலம் மனுப் போடலாம். பழைய பிரிவு எண்ணை வைத்து அதைக் கோர்ட்டு வராந்தாவில் இன்றும் '317 பெட்டிஷன்' என்றே சொல்கிறார்கள். புதிய சட்டத்தில் 355. ஊரே மாற்றவேண்டிய அளவுக்குக் காரணம் இருந்தால், தமிழ்நாட்டுக்குள் மாற்ற உயர் நீதிமன்றத்தையும், மாநிலம் விட்டு மாநிலம் என்றால் உச்ச நீதிமன்றத்தையும் கேட்கலாம்.

இப்போது அக்கா கையில் இருக்கும் அந்த நைந்த காகிதத்தைப் பிரித்துப் பார்ப்போம். ஐந்தாவது கட்டத்தில் சம்பவ இடம் என்று இருக்கும். ஸ்டேஷனிலிருந்து எந்தத் திசை, எவ்வளவு தூரம் என்று எழுதியிருப்பார்கள். அதில் இருப்பது சாத்தூர் மட்டும்தான். சம்பவம் நடந்த அன்று எழுதிய காகிதம் அது, அன்றைக்கு அக்கா வீட்டைப் பற்றி யாருக்கும் தெரியாது. அக்காவின் பெயரும் அடைக்கலப் பிரிவும் பின்னால் போலீஸ் கோர்ட்டுக்குக் கொடுத்த ஆல்டரேஷன் ரிப்போர்ட்டில்தான் இருக்கும். வக்கீலிடம் முதலில் கேட்டு வாங்கவேண்டியது அந்த நகலை. பெயருக்கு நேரே எந்தப் பிரிவு எழுதியிருக்கிறது, 249 மட்டுமா அல்லது கொலைப் பிரிவும் சேர்ந்திருக்கிறதா, அடைக்கலம் எந்தத் தேதியில் எந்த விலாசத்தில் என்று போட்டிருக்கிறார்கள், இதை விரல் வைத்துப் படிக்கவேண்டும். சாத்தூர் பஸ்ஸில் ஏறுவதற்கு முன்னால் படித்துவிட்டால், வழியில் அக்கா கொஞ்சம் கண்ணயரவாவது முடியும்.